மதுரைப் பக்கம் பல சமய வழிபாடுகளைப் படமாக்குவது: அனுமதி, வெளிச்சம், ஒலி பற்றிச் சில கேள்விகள்

வைகைவடகரை:

வணக்கம். மதுரையிலும் சுற்றுவட்டாரத்திலும் நடக்கிற வழிபாடுகளை வைத்து ஒரு மணி நேர ஆவணப்படம் தயாராகிறது. ஒளிப்பதிவு என் பொறுப்பு. பட்டியல் இது: சித்திரைத் திருவிழாவில் தேரோட்டமும் அழகர் ஆற்றில் இறங்குவதும், காஜிமார் தெரு பெரிய பள்ளிவாசலில் ஜும்ஆ (வெள்ளிக்கிழமைத் தொழுகை), கோரிப்பாளையம் தர்கா சந்தனக்கூடு, கீழவெளி வீதி மரியன்னை பேராலயத்தில் ஞாயிறு திருப்பலி, ஒரு சிஎஸ்ஐ சபை ஆராதனை, கீழக்குயில்குடி சமணர் மலை, மேலூர்ப் பக்கம் ஒரு ஐயனார் கோயில் புரவி எடுப்பு (மண் குதிரைகளைத் தூக்கிச் செல்வது), திருப்புவனம் பக்கம் முதுவன்திடலில் இந்துக்கள் நடத்தும் முகரம் பூக்குழி.

கையில் இருப்பவை: சோனி எஃப்எக்ஸ்3 ஒன்று, 24-70 ஜிஎம் எஃப் 2.8, 35 ஜிஎம் எஃப் 1.4, 85 எஃப் 1.8, ஒரு ஷாட்கன் மைக், இரண்டு வயர்லெஸ் காலர் மைக், ஒரு சின்ன ரெக்கார்டர், முக்காலி, மோனோபாட். ஆட்கள் மூன்று பேர். கூடுதல் விளக்கு எதுவும் போடுவதில்லை என்று இயக்குநர் முடிவு செய்துவிட்டார்.

அனுமதி யாரிடம், எந்த வரிசையில் கேட்பது? விளக்கு வெளிச்சம் மட்டும் இருக்கிற மண்டபத்தில் தீபாராதனை காட்டும்போது முகமும் சுடரும் சேர்ந்து நிற்க என்ன செட்டிங்? சீரியல் செட்டும் எல்இடி அலங்காரமும் திரையில் பட்டை பட்டையாக ஓடுவதை எப்படித் தடுப்பது? தவில், குத்பா (ஜும்ஆ உரை), பாடகர் குழு இதையெல்லாம் ஒரே ஆள் எப்படிப் பதிவு செய்வது? முகங்களை எடுப்பதில் எதெல்லாம் கூடாது என்பதையும் தெரிந்தவர்கள் சொன்னால் உதவியாக இருக்கும்.

---

மாசிவீதி:

தம்பி, ஒரே கடிதத்தை நகலெடுத்து எல்லா இடத்துக்கும் கொடுக்காதீங்க. யாரிடம் கேட்பது என்பதே இடத்துக்கு இடம் மாறும்.

மீனாட்சியம்மன் கோயில் அறநிலையத் துறை நிர்வாகம். கோயில் அலுவலகத்தில் எழுதிக் கொடுத்துத் தொடங்கணும். படப்பிடிப்பு என்ற சொல் கடிதத்தில் வந்தாலே அது ஆணையர் அலுவலகம் வரை போகும், அதற்கான நாளைக் கணக்கில் வையுங்க. 2018 பிப்ரவரியில் வீரவசந்தராயர் மண்டபத்தில் தீப்பிடித்த பிறகு உள்ளே செல்போனுக்குத் தடை. அதனால் போனையே மானிட்டராக வைத்து வேலை செய்கிற திட்டம், போன் ஆப்பில் டைம்கோடு, இதெல்லாம் உள்ளே நடக்காது. மூலவரைக் கேட்கவே கேட்காதீங்க. அதைக் கேட்ட மாத்திரத்தில் மற்ற எல்லா அனுமதியும் சந்தேகத்துக்குள் போயிடும். கொடிமரத்துக்கு உள்ளே இந்துக்கள் அல்லாதவர்களுக்கு அனுமதி இல்லை என்ற பலகை பல கோயில்களில் இருக்கு. மூன்று பேர் குழுவில் யார் எங்கே வரை போகலாம் என்று முன்கூட்டியே பிரித்துக்கொள்ளுங்க. வாசலில் வந்து முழிக்கக் கூடாது.

உண்மையில் உங்களுக்கு உள்ளே பெரிதாக வேலை இல்லை. உற்சவர் வெளியே வருகிறார், அங்கேதான் படம் இருக்கு. வீதி உலாவில் சாமி ஒவ்வொரு மண்டகப்படியிலும் நிற்கும். ஓடுகிற கூட்டத்தில் கேமராவுக்கு நிலையாக ஐந்து, பத்து நிமிஷம் கிடைக்கிற இடம் அதுதான். மண்டகப்படிதாரரை ஒரு மாதம் முன்னாலேயே பார்த்து, திண்ணையிலோ முதல் மாடியிலோ ஒரு இடம் கேட்டுக்குங்க. அரசுக் கடிதத்தை விட அந்த ஒரு வார்த்தை பலமானது. திருவிழா நாட்களில் வீதிக்குள் முக்காலி வைக்கக் காவல்துறை பாஸ் தனியாக வேண்டும்.

தேர் பற்றி ஒரு எச்சரிக்கை. மாசி வீதி முக்குகளில் தேர் திரும்பும்போது சக்கரத்துக்கு அடியில் கட்டை போடுகிறவர்களின் கை, அந்தக் கட்டை நசுங்குகிற சத்தம், எல்லாருக்கும் ஆசை வருகிற ஷாட். ஆனால் அதை 85-இல் தூரத்திலிருந்துதான் எடுக்கணும். இரண்டு வடத்துக்கும் நடுவே நிற்கவே கூடாது. நின்ற தேர் புறப்படும்போது தளர்ந்து கிடந்த வடம் ஒரே இழுப்பில் விறைக்கும், விறைக்கும்போது பக்கவாட்டில் அடிக்கும். வளைவின் உள்பக்கச் சுவரோரமும் ஆபத்து, கூட்டம் அங்கேதான் ஒதுங்கி நெருக்கும்.

திருப்பரங்குன்றம் உங்கள் பட்டியலில் இல்லை, அதுவும் நல்லதுக்குத்தான். மலைமேல் தீபமும் தர்காவும் தொடர்பான வழக்குகளால் கெடுபிடி கூடியிருக்கு. பிற்பாடு சேர்த்தால் காவல் ஆணையர் அலுவலகத்தில் கேட்காமல் முக்காலியைத் தூக்கிக்கொண்டு ஏறாதீங்க.

பேராலயத்துக்குப் பங்குத்தந்தை. சிஎஸ்ஐ என்றால் ஆயர் மட்டும் சரி என்றால் போதாது, சேகரக் கமிட்டிக்கும் தெரியணும். மற்றதை மற்றவர்கள் சொல்லுவார்கள்.

---

பழைய ஃபோகஸ் புல்லர்:

வெளிச்சக் கேள்விக்கு.

முதல் வேலை, மெனுவில் என்டிஎஸ்சி (NTSC) இருந்தால் பால் (PAL) முறைக்கு மாற்றுங்க. நம்ம ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். 25 பிரேம், 1/50 ஷட்டர். 24 பிரேமில்தான் எடுப்பேன் என்று பிடிவாதம் என்றாலும் ஷட்டர் 1/50-ஐ விட்டு நகரக் கூடாது. 1/60 வைத்தால் பழைய சோக் டியூப்லைட் இருக்கிற எந்த மண்டபத்திலும் பட்டை ஓடும். ஸ்லோமோஷன் வேண்டுமானால் 50 பிரேம் அல்லது 100 பிரேம், ஷட்டர் 1/100. 120 பிரேம் பக்கம் போகாதீங்க.

மலிவான சீரியல் செட்டில் இன்னொரு வில்லங்கம். டியூப்லைட் விநாடிக்கு 100 முறை மினுங்கும். இந்த செட்டுகளில் பல, மின்னலையின் ஒரு பாதியை மட்டும் எடுத்துக்கொண்டு 50 முறைதான் மினுங்கும். அங்கே 100 பிரேமில் 1/100 வைத்தால் ஒரு பிரேம் எரியும், ஒரு பிரேம் அணையும். ஆகவே சீரியல் செட் இருக்கிற சட்டத்தில் 1/50 மட்டும். ஓடுகிற மயில், விரியும் தாமரை என்று பெரிய எல்இடி கட்டவுட் வைத்திருப்பார்களே, அது மின்சாரத்தோடு சம்பந்தமே இல்லாத தன் கன்ட்ரோலர் வேகத்தில் மினுங்கும். அதற்கு ஒரே வழி, முன்தினம் மாலை விளக்கு போட்டுப் பார்க்கும்போது போய் இரண்டு மூன்று ஷட்டர் வேகத்தில் பத்து பத்து விநாடி எடுத்து லேப்டாப்பில் பார்ப்பது. கேமராவின் சின்னத் திரையில் பட்டை தெரியாது.

திருவிழா விளக்கு பெரும்பாலும் ஜெனரேட்டரில் ஓடும், இதைப் பலர் மறந்துவிடுவார்கள். பாரம் ஏற இறங்க ஜெனரேட்டரின் அதிர்வெண் 50-க்கு மேலும் கீழும் நழுவும். அப்போது 1/50 வைத்தும் ஒரு மெல்லிய பட்டை ஆமை வேகத்தில் மேலே ஏறும். கேமராவில் தவறே இல்லை. ஷட்டரை நுணுக்கமாக நகர்த்துகிற கிளியர் ஸ்கேன் வசதி இருந்தால் பயன்படுத்துங்க, இல்லையென்றால் அந்த விளக்கைச் சட்டத்துக்கு வெளியே தள்ளுங்க.

அடுத்து தீபாராதனை. எஸ்-லாக்3-இல் (பின்னால் நிறம் திருத்துவதற்கான தட்டையான பதிவு முறை) எஃப்எக்ஸ்3-க்கு அடிப்படை ஐஎஸ்ஓ இரண்டு: 800, 12800. நடுவில் இருக்கிற எண்களைத் தொடாதீங்க. 12800, எஃப் 2.8, 1/50 வைத்தால் சரியான எக்ஸ்போஷருக்கு ஏறத்தாழ 8 லக்ஸ் போதும். ஒரு மெழுகுவத்தி ஒரு மீட்டர் தூரத்தில் கொடுப்பது சுமார் 1 லக்ஸ். அப்படியென்றால் அடுக்கு தீபத்துக்கு ஒரு கை தூரத்தில் நிற்கிற முகம் தாராளமாக வந்துவிடும். அதே இடத்தில் 35-ஐ எஃப் 1.4-இல் திறந்தால் 2 லக்ஸே போதும், ஆனால் குருக்கள் கை ஆடுகிற வேகத்துக்கு ஃபோகஸ் நிற்காது. எஃப் 2-க்குக் கீழே போகாமல் இருப்பது நல்லது.

சூடம் ஏற்றுகிற கணத்தில் என்ன நடக்கும் என்று பாருங்க. தட்டு தாழ இருக்கும்போது முகம் இருட்டு. தட்டு மார்பு உயரம் வந்ததும் முகத்தில் இரண்டு, மூன்று ஸ்டாப் ஏறும் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் இரட்டிப்பு). தட்டு சுற்றி வரும்போது ஏறி இறங்கும், கூட்டத்தின் பக்கம் திரும்பியதும் குருக்கள் மறுபடி இருட்டாகி, வரிசையில் நிற்கிறவர்கள் முகம் ஒவ்வொன்றாக எரியும். ஆட்டோ ஐஎஸ்ஓ, ஆட்டோ ஐரிஸ் இரண்டும் இதைத் துரத்திக்கொண்டு ஓடிச் சாகும். தட்டு மார்பு உயரத்தில் இருக்கிறபோது முகம் 45 சதவீதத்தைச் சுற்றி வருகிற மாதிரி ஒருமுறை வைத்துவிட்டுக் கையை எடுங்க. ஸீப்ராவை (வெளிச்சம் மிஞ்சும் இடத்தில் கோடு காட்டும் எச்சரிக்கை) 94-இல் வையுங்க, எஸ்-லாக்3 அங்கேதான் முட்டும். சுடரின் நடுக்கரு முட்டினால் முட்டட்டும், யாரும் சூடச் சுடருக்குள் விவரம் தேடப்போவதில்லை.

வெள்ளைச் சமநிலை 4300 கெல்வினில் பூட்டுங்க. எண்ணெய் விளக்கு 2000 கெல்வின் பக்கம், வெள்ளை எல்இடி 6000-க்கு மேல். நடுவில் நின்றால் விளக்கு பொன்னாகவும் எல்இடி லேசான நீலமாகவும் இருக்கும், கண்ணுக்கும் அப்படித்தான் தெரியுது. பச்சைச் சாயம் அடித்த தர்கா சுவர்களில் டியூப்லைட் பட்டுத் திரும்பி முகம் எல்லாம் பச்சையடிக்கும். அங்கே டின்ட்டை மஜென்டா பக்கம் கொஞ்சம் தள்ளுங்க. சாம்பிராணிப் புகை வந்துவிட்டால் ஆட்டோஃபோகஸ் புகையைப் பிடிக்கும், கையால் ஃபோகஸ் வைங்க.

ஆற்றில் இறங்குகிற காலைக்குத் தனித் திட்டம் வேண்டும். சித்திரையில் சூரியன் ஆறு மணியை ஒட்டி எழும். வெளுக்கத் தொடங்கியதிலிருந்து சூரியன் எழும் வரை இருபது நிமிஷம்தான், அதற்குள் வெளிச்சம் ஆறேழு ஸ்டாப் ஏறிவிடும். 12800-இலிருந்து 800-க்கு மாறுவது நாலு ஸ்டாப் குதிப்பு, ஓடுகிற ஷாட்டின் நடுவில் மாற்றினால் வெட்டு விழுந்த மாதிரி தெரியும். எந்த நேரத்தில் மாற்றுவது என்று முன்பே முடிவு செய்து, கூட்டத்தின் பக்கம் திரும்பும்போது மாற்றுங்க.

பகல் வெயிலில் 800, 1/50 என்றால் எஃப் 8-க்கு என்டி (வெளிச்சத்தைக் குறைக்கும் ஃபில்டர்) 1.8, எஃப் 4-க்கு என்டி 2.4. வேரியபிள் என்டி வேண்டாம். அகலக் கோணத்தில் வானத்தின் நடுவே கறுப்பாகப் பெருக்கல் குறி விழும், அதை எந்த கிரேடிங்கிலும் அழிக்க முடியாது.

---

தெற்குவாசல் பாய்:

ஸலாம். பள்ளிவாசல், தர்கா இரண்டையும் ஒரே கணக்கில் வைக்காதீங்க. பள்ளிவாசலுக்கு முத்தவல்லி, ஜமாத் நிர்வாகம். தர்காவுக்கு அதன் நிர்வாகிகள் தனி. இரண்டும் பக்கத்துப் பக்கத்திலேயே இருந்தாலும் ஒருத்தர் சொன்ன சம்மதம் இன்னொருத்தருக்குப் பொருந்தாது.

ஜும்ஆவுக்கு, பாங்கு சொல்வதற்கு அரை மணி முன்னாலேயே எல்லாத்தையும் வைத்து முடிச்சிடணும். முக்காலிக் காலைத் துடைச்சு ரப்பர் மாட்டுங்க, கூர்முனை இருந்தால் கம்பளம் கிழியும். இடம் கடைசி வரிசைக்குப் பின்னால், தூண் ஓரம். மாடி இருந்தால் மாடி. ஒளுச் செய்கிற இடத்தில் கேமராவைத் திறக்கும் முன் ஒரு வார்த்தை கேளுங்க. கை கால் கழுவுகிற நேரத்தில் படமெடுத்தால் யாருக்கும் சங்கடம்தான்.

குத்பா ஓதும்போது பேசக் கூடாது. பக்கத்தில் இருப்பவரை "சும்மா இருங்க" என்று அடக்குவதுகூடக் கூடாது. உதவியாளருக்கு நீங்க காதில் குசுகுசுப்பதும் அதில் சேர்த்திதான். கை ஜாடை பழகிட்டு வாங்க.

பல கேமராக்காரர்கள் சிக்குகிற இடம் ஒன்று இருக்கு. இமாம் ஸலாம் கொடுத்ததும் தொழுகை முடிஞ்சுதுன்னு நினைச்சு எழுந்து முன்னால் நடப்பாங்க. ஜமாஅத் முடிஞ்சாலும் பலர் எழுந்து தனித்தனியாகச் சுன்னத் (கூடுதல் தொழுகை) தொழுவாங்க. தொழுகிறவருக்குக் குறுக்கே போகக் கூடாது. பள்ளி பாதி காலியாகும் வரை இருந்த இடத்திலேயே இருங்க. முகத்தை நேர் எதிரே நின்று எடுக்க நினைக்காதீங்க, கேமரா ஸஃபுக்கு (தொழுகை வரிசைக்கு) முன்னால் நிற்க வேண்டி வரும்.

கேமரா உயரம் பார்த்து வைங்க. தரையிலிருந்து ஒன்றரை அடியில் வைத்தால் நிற்கும்போது முதுகுச் சுவர்தான் தெரியும். ஸஜ்தாவுக்குப் போனதும் வரிசை வரிசையாகத் தாழ்ந்து மிஹ்ராப் (முன்சுவரில் இமாம் நிற்கும் மாடம்) முழுசாகத் திறக்கும், எழுந்ததும் மூடும். அந்த ஒரு ரக்அத்தை (தொழுகையின் ஒரு சுற்றை) வெட்டாமல் வையுங்க. வேறு எதுவும் சொல்ல வேண்டியதில்லை.

சந்தனக்கூடு ராத்திரி வேலை. கூடு அசைந்து வரும்போது அதிலிருக்கிற விளக்கு, சுற்றியுள்ள கட்டவுட், தெருவிளக்கு மூன்றும் மூணு நிறம். மேலே ஒருத்தர் சொன்ன 4300 சரி. லெப்பை பாத்தியா ஓதும்போதும் போர்வை போர்த்தும்போதும் உள்ளே ஒரு ஆள் மட்டும் போங்க, 35 போதும். பிறைக் கணக்கு என்பதால் எல்லாமே ஆண்டுக்குப் பத்துப் பதினோரு நாள் முன்னால் வரும், பிறை பார்த்த பிறகுதான் தேதி உறுதி. வாடகைக்கு எதுவும் எடுப்பதானால் ஒரு நாள் தள்ளி வைக்க இடம் விட்டு எடுங்க.

---

ஒலிக்கூடம்:

காதுக்கு வருவோம்.

தவிலும் நாகஸ்வரமும் அருகில் 110 டெசிபலைத் தாண்டும். "32 பிட் ஃப்ளோட் ரெக்கார்டர் இருக்கு, பிரச்சினை இல்லை" என்பார்கள். ரெக்கார்டர் தாங்கும், மைக்கின் கேப்ஸ்யூலும் வயர்லெஸ் டிரான்ஸ்மிட்டரும் தாங்காது. அங்கேயே உடைந்த ஒலியைத்தான் 32 பிட்டில் அழகாகச் சேமிப்பீர்கள். தவிலுக்கு மூன்று நாலு மீட்டர் தள்ளி நில்லுங்கள், அல்லது மேடையில் பாடுகிறவர்கள் பிடிக்கிற சாதா டைனமிக் மைக்கைப் பக்கத்தில் வையுங்கள். அது எந்தச் சத்தத்தையும் தாங்கும்.

2.4 கிகாஹெர்ட்ஸ் வயர்லெஸ் அறைக்குள் நல்லாயிருக்கும், அழகர் கூட்டத்தில் விட்டு விட்டு வரும். சுற்றிலும் ஆயிரக்கணக்கான போன், நடுவே மனித உடம்பு. டிரான்ஸ்மிட்டரிலேயே பதிவு செய்கிற மாடல் என்றால் அதை ஆன் செய்துவிட்டு வயர்லெஸ்ஸை மறந்துவிடுங்கள்.

தேவாலயத்தில் மிக்ஸரிலிருந்து ஆக்ஸ் அவுட் (தனி வெளியீடு) கேளுங்கள், ப்ரீ ஃபேடர், அதாவது ஒலியளவுத் தள்ளுபட்டைக்கு முன்னாலேயே எடுப்பது. ஒலி இயக்குபவர் நடுவில் ஃபேடரை ஏற்றி இறக்கினாலும் உங்களுக்குப் பாதிக்காது. ரெக்கார்டரில் உள்ளீட்டை லைன் என்று மாற்றுங்கள், மைக் என்றே விட்டால் முதல் பாட்டிலேயே கிழியும். ஃபாண்டம் பவரை அணையுங்கள். ஆனால் மிக்ஸர் ஒலி மட்டும் வைத்துப் படம் முடிக்க முடியாது, சபையே பாடுவது அதில் இருக்காது. பின்வரிசையில் ஒரு மைக் வேண்டும். ஒலி ஒரு மீட்டருக்கு 3 மில்லிவிநாடி எடுக்கும். 30 மீட்டர் பின்னால் வைத்த மைக் மிக்ஸரை விட 90 மில்லிவிநாடி, அதாவது இரண்டு பிரேமுக்கு மேல் பிந்தும். எடிட்டில் நகர்த்தாவிட்டால் இரட்டைக் குரல் கேட்கும். குத்பாவுக்கும் இதே முறைதான், கேட்டு அனுமதித்தால்.

ஒவ்வொரு இடத்திலும் ஆட்கள் வருவதற்கு முன் வெற்று ஒலி ஒரு நிமிஷம். கல் மண்டபம், கம்பளம் விரித்த பள்ளி, உயரக் கூரை ஆலயம், மூன்றும் மூன்று மௌனம். படம் முழுக்க ஒரே மௌனத்தை ஒட்டினால் பொய்யாகத் தெரியும்.

குழாய் ஸ்பீக்கரில் ஓடுகிற பக்திப் பாட்டு, சினிமாப் பாட்டு பற்றியும் யோசியுங்கள். அம்மன் பாட்டானாலும் இஸ்லாமியப் பாட்டானாலும் உரிமை யாரிடமோ இருக்கு, யூட்யூபில் ஏற்றியதும் கோரிக்கை வரும். ஒலிபெருக்கிக்காரரிடம் சொல்லி, பேட்டி எடுக்கும் பத்து நிமிஷம் நிறுத்தச் சொல்லுங்கள், நிறுத்துவார். பாட்டு ஓடும்போது எடுத்த பேச்சிலிருந்து பாட்டைப் பிரிப்பது பெரும்பாடு.

---

மேலூர்க்காரன்:

அண்ணே, புரவி எடுப்புக்கு வாங்க, ஆனா கேமராவோட வர்றதுக்கு முன்னாடி கேமரா இல்லாம ஒருதரம் வாங்க. ஊர்க்கூட்டத்துல அம்பலம், கரைகாரர் எல்லாரும் உக்காந்திருக்கையில சொல்லுங்க. பூசாரிகிட்ட மட்டும் கேட்டுட்டு வந்தா பாதி ஊருக்குத் தெரியாது.

இங்க சண்டை வர்றது சாமியால இல்ல, முதல் மரியாதையால. பரிவட்டம் யாருக்கு முதல்ல, புரவி யார் தோள்ல முதல்ல ஏறுது, இதுக்காக கோர்ட்டு வரைக்கும் போன ஊருக உண்டு. நீங்க ஒரு பங்காளி வீட்டுத் திண்ணையில கேமராவ வச்சீங்கன்னா, அந்த வீட்டு ஆளாயிட்டீங்க. பொது இடத்துல வைங்க, சாப்பாடும் ஊர்ப் பொதுப் பந்தியில சாப்பிடுங்க. சாமி எந்தத் தெருவுக்குள்ள போகுது, எதுக்குள்ள போகலைங்கிறதையும் கவனிச்சுக்கங்க. அதை எடுக்கறதா வேண்டாமாங்கிறது உங்க படம், ஆனா தெரியாம எடுத்தேன்னு இருக்கக் கூடாது.

புரவி சுட்ட மண்ணு. குயவர் வீட்டுல கண் திறந்து, துணி எடுத்து, மாலை போட்டு, தூக்கிட்டு கோயிலுக்குப் போறது ஒரு ஓட்டம்தான். தோள்ல தூக்கினவுக நிக்க மாட்டாக. மோனோபாட் தூக்கிட்டுப் பக்கத்துல ஓடாதீங்க, கால் தட்டி ஒரு புரவி விழுந்தா அது அபசகுனம், படம் அன்னைக்கோட முடிஞ்சது. வழியில ரெண்டு வளைவு பாத்து வச்சு முன்னாடியே போய் நில்லுங்க.

சாமி வந்து ஆடுறவுக கைல அரிவா இருக்கும். அஞ்சாறு மீட்டர் தள்ளி 85 போட்டு எடுங்க. மூஞ்சில லைட்டு அடிக்காதீங்க. நீங்க லைட்டே போடலைன்னு சொல்லிட்டீக, நல்லது, போன் டார்ச்சும் கூடாது.

அழகருக்கு ஒண்ணு: தண்ணி பீய்ச்சுறவுக கருப்பணசாமி வேஷத்துல தோல் பையோட வருவாக. சாமியப் பாத்து அடிக்கிற தண்ணிதான், ஆனா நடுவுல நிக்கிறது உங்க கேமரா. பாலிதீன் உறையைப் போட்டு லென்ஸ் வாய்ல ரப்பர் பேண்டு கட்டுங்க. ஆனா எஃப்எக்ஸ்3-ல விசிறி இருக்கில்ல, காத்து வர்ற ஓட்டையை மூடிட்டீங்கன்னா சித்திரை வெயில்ல சூடாகி அணைஞ்சிடும். அந்தப் பக்கம் உறையைத் தளர்வா விடுங்க. கூட்டத்துக்குள்ள லென்ஸ் மாத்தவே கூடாது, 24-70 ஒண்ணே போதும். எடுக்க வேண்டியது சாமி மட்டும் இல்லண்ணே. சொம்புல நாட்டுச் சர்க்கரை நிரப்பி, வாழையிலையால வாய மூடி, அது மேல சூடம் ஏத்தி ரெண்டு கையால தலைக்கு மேல தூக்குவாக பாருங்க. சூடத்துச் சூட்டுல இலை சுருண்டு கருகும், கை ஆடாது.

---

அனுப்பானடி அக்கா:

மூன்று பேர் குழுவில் ஒரு பெண் இருக்கிறாரா? இல்லையென்றால் இந்தப் படம் பாதிப் படம்தான். பள்ளிவாசலில் பெண்கள் தொழும் பகுதி, தர்காவில் நேர்த்திக்கடன் வைக்கிற பெண்கள், முளைப்பாரி வளர்க்கிற வீடு, இங்கெல்லாம் ஆண் கேமராவுக்குக் கதவு திறக்காது, திறந்தாலும் பேச்சு வராது. முளைப்பாரி வீட்டுக்குள் பெண் ஒளிப்பதிவாளர் போவதானாலும் காப்புக் கட்டிய நாளிலிருந்து அந்த வீட்டின் விரத விதி என்ன என்று கேட்டுவிட்டுத்தான் போக வேண்டும்.

சம்மதத் தாள் தமிழில், ஒரே பக்கம். என்ன படம், எங்கே காட்டுவோம், இணையத்தில் வருமா, எந்த நாள் வரைக்கும் "என்னை எடுத்துவிடு" என்று சொல்லலாம். கையெழுத்து இல்லாதவர்களிடம் கேமரா முன்னாலேயே வாய்ச் சம்மதம். குழந்தை என்றால் பெற்றோர்.

சாமி வந்து ஆடியவர், திருப்பலியில் அழுதவர், தர்காவில் சங்கிலியோடு உட்கார்ந்திருக்கும் மனநோயாளி, இவர்கள் அந்த நேரத்தில் சம்மதம் சொல்ல முடியாத நிலையில் இருக்கிறார்கள். ஊர் சம்மதித்தது அவர் சம்மதித்தது ஆகாது. அருள் இறங்கி, தண்ணீர் குடித்து, சாதாரணமாக உட்கார்ந்த பிறகு அவரிடமே காட்டிக் கேளுங்கள். மனநோயாளிகளை எடுக்கவே வேண்டாம்.

ஆலயத்தில் எழுந்தேற்றத்தின்போது (குருவானவர் அப்பத்தையும் கிண்ணத்தையும் உயர்த்தும் நேரம்) யாரும் அசையக் கூடாது. இடம் மாறுவதானால் காணிக்கைப் பாட்டின்போது மாறுங்கள். பீடம் இருக்கிற மேடையில் ஏறாதீர்கள். நற்கருணை வாங்க நாக்கை நீட்டுகிற முகத்தை நெருக்கத்தில் எடுப்பது எனக்கு எப்போதுமே அநாகரிகமாகப் படுகிறது. ஊரில் வாழும் சமணர்களின் கோயிலுக்குப் போவதானால் தோல் பெல்ட், தோல் பர்ஸ் கூடாது, கேமராவின் தோல் பட்டையும் அதில் அடக்கம். நைலான் பட்டை மாட்டுங்கள்.

---

பழைய ஃபோகஸ் புல்லர்:

அக்கா சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். கோயில் மணி, பாங்கு, ஆலய மணி மூன்றையும் பத்து விநாடியில் கோர்த்து நல்லிணக்கம் காட்டுகிற மாண்டேஜை இயக்குநர் கட்டாயம் கேட்பார். எடுத்துக் கொடுக்காதீங்க. மதுரையில் அதைவிட நிஜமான முடிச்சுகள் இருக்கு. அழகர் வண்டியூருக்குப் போவதை, அவர்மேல் அன்பு வைத்த இஸ்லாமியப் பெண்ணாகச் சொல்லப்படும் துலுக்க நாச்சியாரோடு சேர்த்துத்தான் சனங்கள் கதை சொல்லுகிறார்கள். முதுவன்திடல் உங்கள் பட்டியலிலேயே இருக்கு. எல்லா இடத்திலும் 35-ஐயும் வழிபடுகிறவரின் கண் உயரத்தையும் மாற்றாமல் வையுங்க, பள்ளியில் உட்கார்ந்த உயரம், ஆலயத்தில் பெஞ்சு உயரம், கோயிலில் நின்ற உயரம். ஒரு சமயத்தை அண்ணாந்தும் இன்னொன்றைக் குனிந்தும் பார்க்கிற தவறு அப்போது வராது. ட்ரோன் வேண்டாம். அனுமதிச் சிக்கல் ஒரு பக்கம், மேலிருந்து பார்த்தால் எந்த வழிபாடும் தலைக் கணக்குதான்.

சமணர் மலையில் செட்டிப்புடவு, பேச்சிப்பள்ளம் இரண்டிலும் சிற்பம் புடைப்பு ஆழம் குறைவு. உச்சி வெயிலில் தட்டையாகிவிடும். வெளிச்சம் கல்லை உரசிக்கொண்டு பக்கவாட்டில் வர வேண்டும், அப்போதுதான் வட்டெழுத்தும் படிக்கிற மாதிரி எழும். காலையா மாலையா என்று முதல் நாள் ஏறிப் பார்த்து முடிவு செய்யுங்க. பாதுகாக்கப்பட்ட இடங்களில் கையில் பிடித்து எடுப்பதற்கும் ஸ்டாண்டு வைத்து எடுப்பதற்கும் விதி வேறு, தொல்லியல் துறையிடம் கேளுங்க. எழுத்து தெரியணும் என்று சாக்பீஸ் தடவுகிற வழக்கம் இன்னும் இருக்கு, யாராவது ஆர்வத்தில் செய்ய வந்தால் தடுங்க.

---

வைகைவடகரை:

எல்லாருக்கும் நன்றி. பெண் ஒளிப்பதிவாளர் ஒருவரை நாலாவது ஆளாகச் சேர்க்கப் பேசிக்கொண்டிருக்கிறோம். இரண்டு சின்னக் கேள்வி. பூக்குழித் தணல் சோதனையில் ஊதா நிறமாக வருகிறது, ஏன்? கார்டு எவ்வளவு வேண்டும்?

---

பழைய ஃபோகஸ் புல்லர்:

தணல் கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பை அள்ளி வீசும், சென்சார் அதையும் வாங்கி ஊதாவாகக் காட்டும். என்டி போட்டால் இன்னும் மோசம், சாதா என்டி காணும் ஒளியைக் குறைக்கும், அகச்சிவப்பை விட்டுவிடும். ஐஆர் கட் ஃபில்டர் ஒன்று 82 மிமீ அளவில் வாங்குங்க. 24-70-க்கு அப்படியே பொருந்தும். 35, 85 இரண்டும் 67 மிமீ, ஒரு 67-82 ஸ்டெப்அப் ரிங் போதும். குழிக்கு மேலாக எதிர்ப்பக்கம் பார்க்கிற கோணத்தில் சூட்டலையில் எதிர்க்கரை முகமெல்லாம் நெளியும், பக்கவாட்டில் தாழ நில்லுங்க.

4கே 25 பிரேம், எக்ஸ்ஏவிசி எஸ்-ஐ பதிவு முறை என்றால் விநாடிக்கு 250 மெகாபிட், மணிக்கு 112 ஜிபி. 160 ஜிபி கார்டு ஒன்றில் சுமார் 85 நிமிஷம். அழகர் இரவுக்கு நாலு கார்டு வைத்துக்கொள்ளுங்க. இரண்டு டிஸ்கில் செக்சம் (காப்பி பிசகில்லாமல் வந்ததா என்ற சரிபார்ப்பு) பார்த்துக் காப்பி முடிகிற வரை எதையும் ஃபார்மட் செய்யாதீங்க.